மறந்தவரும் மறக்காதவரும்



இந்தச் சொற்பொழிவு யாருடைய நினைவாக ஆண்டுதோறும் நடக்கிறதோ அந்த ஐயா, படம் முடிந்து விளக்கைப் போட்டதும் ஒரே கேள்வியைத்தான் கேட்பார்: "இந்தப் படத்துல யாரைக் காட்டல?" கதை எப்படி, நடிப்பு எப்படி என்று அவர் கேட்டு நாங்கள் கேட்டதில்லை. காட்டாமல் விட்டது யாரை என்று யோசித்தால் காட்டியது எதற்காக என்பது தானாக விளங்கும் என்பது அவர் கட்சி. அந்தக் கேள்வியை வைத்துக்கொண்டுதான் இவ்வாண்டு ஒரு பிரெஞ்சுப் படத்தை எடுத்துப் பேசுகிறோம். கெங்குவார்பட்டியில் அதைத் திரையிட்டபோது, "பாரிஸ் பணக்காரன் வீட்டுக் கதை நம்ம காலனிக்கு எதுக்கு?" என்று சில தோழர்கள் கேட்டார்கள். நியாயமான கேள்வி. இந்த உரை முழுதும் அதற்குப் பதில் சொல்லும் முயற்சிதான்.

படத்தின் பெயர் 'கஷே'. மறைக்கப்பட்டது என்று பொருள். ஆஸ்திரிய இயக்குநர் மைக்கேல் ஹனெகே பிரெஞ்சு மொழியில் எடுத்து 2005இல் வெளிவந்தது. கான் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான விருதை அவருக்குப் பெற்றுத் தந்தது. சண்டை கிடையாது, பாட்டு கிடையாது, பின்னணி இசையும் கிடையாது.

படம் தொடங்கியதும் திரையில் ஒரு தெரு தெரிகிறது. எதிரே ஒரு வீடு, நிறுத்தி வைத்த கார்கள். யாரோ நடந்து போகிறார்கள். கேமரா அசையவே இல்லை. நாங்கள் போட்ட அன்று, கொஞ்ச நேரத்தில் பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "தம்பி, படம் நின்னுபோச்சு, என்னான்னு பாருங்க." புரொஜெக்டரைப் பிடித்துக்கொண்டிருந்த தம்பியும் பதறிப்போய் வயரை ஆட்டிப் பார்த்தான். படம் நிற்கவில்லை. திடீரென்று திரையில் குறுக்குக் கோடுகள் ஓடுகின்றன. யாரோ ஒளிநாடாவைப் பின்னோக்கிச் சுற்றுகிறார்கள். அப்போதுதான் புரிகிறது: இவ்வளவு நேரம் நாம் பார்த்தது தெருவை அல்ல, தெருவை எடுத்த ஒரு நாடாவை. அந்த வீட்டில் குடியிருக்கும் கணவனும் மனைவியும் தங்கள் வீட்டு டிவியில் அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்களோடு சேர்ந்து நாமும் பார்த்திருக்கிறோம். நம் கண்ணுக்கும் வீட்டுக்கும் நடுவே இன்னொரு ஆளுடைய கண் இருந்திருக்கிறது. அது நமக்குத் தெரியவில்லை.

பார்ப்பது என்றால் என்ன என்பதை ஒரு வகுப்பு எடுத்தாலும் இவ்வளவு தெளிவாகச் சொல்லிவிட முடியாது. பத்திரிகையில் வரும் படம், நீதிமன்றத்தில் வாசிக்கப்படும் காவல்துறை அறிக்கை, நம் ஊரைப் பற்றி இன்னொருவர் எழுதும் கட்டுரை, எல்லாவற்றுக்கும் நடுவே யாரோ ஒருவருடைய கண் இருக்கிறது.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். ஜோர்ஜ் தொலைக்காட்சியில் இலக்கிய நிகழ்ச்சி நடத்துபவன். வீடு நிறையப் புத்தகம். மனைவி ஆன், பள்ளியில் படிக்கும் ஒரு மகன். வீட்டு வாசலை யாரோ மறைந்திருந்து படம் பிடித்து அனுப்புகிறார்கள். கூடவே குழந்தை வரைந்தது போன்ற ஓவியங்கள் வருகின்றன. ஒன்றில் பையனின் வாயிலிருந்து ரத்தம் வழிகிறது, இன்னொன்றில் சேவலின் கழுத்து அறுபட்டிருக்கிறது. அவற்றைப் பார்த்ததும் ஜோர்ஜுக்கு ஏதோ நினைவுக்கு வருகிறது. மனைவியிடம் மறைக்கிறான்.

அவன் சிறுவனாக இருந்தபோது அவர்கள் பண்ணையில் அல்ஜீரியக் கணவன் மனைவி இருவர் வேலை செய்தார்கள். அவர்கள் மகன் மஜித். 1961 அக்டோபர் 17 அன்று பாரிசில் நடந்த ஊர்வலத்துக்குப் போன அந்தத் தாயும் தகப்பனும் திரும்பவில்லை. அனாதையான பையனைத் தத்தெடுத்துக்கொள்ள ஜோர்ஜின் பெற்றோர் நினைத்தார்கள். ஆறு வயது ஜோர்ஜுக்குப் பொறுக்கவில்லை. மஜித் ரத்தம் துப்புகிறான் என்று பொய் சொன்னான். அது எடுபடாமல் போகவே, சேவலை அறுக்கச் சொல்லி மஜித்தை ஏவிவிட்டு, என்னைப் பயமுறுத்தவே அறுத்தான் என்று கோள் மூட்டினான். மஜித்தை வண்டியில் ஏற்றி அனாதை விடுதிக்கு அனுப்பிவிட்டார்கள். அவ்வளவுதான். ஒருவன் பட்டணத்தில் புத்தகங்களுக்கு நடுவே வாழ்கிறான், மற்றவன் புறநகர் அரசுக் குடியிருப்பில் ஓர் அறையில் முதுமையடைகிறான்.

நாற்பது ஆண்டு கழித்து இருவரும் சந்திக்கும்போது மஜித் குரலை உயர்த்துவதில்லை. அது கவனிக்க வேண்டிய இடம். மிரட்டுகிறவன், கத்துகிறவன், வழக்குப் போடுவேன் என்கிறவன் ஜோர்ஜ்தான். போலீசைக் கூப்பிடுகிறவனும் அவன்தான். குற்றம் செய்தவன் தன்னைப் பாதிக்கப்பட்டவனாகவே உணர்கிறான். தன்னை யாரோ பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்பதே அவனுக்குப் பெரிய அநியாயமாகத் தோன்றுகிறது. அப்போது எனக்கு ஆறு வயது என்பது அவன் வாதம். வாதத்தில் தப்பில்லை, ஆறு வயதுப் பிள்ளையைத் தண்டிக்க முடியாது. ஆனால் படம் ஆறு வயதுப் பிள்ளையைக் கேள்வி கேட்கவில்லை. அந்தப் பொய்யின் விளைவாகக் கிடைத்த வீட்டையும் படிப்பையும் ஐம்பது வயதுவரை அனுபவித்துவிட்டு, ஒருநாள்கூட அந்தப் பையன் என்ன ஆனான் என்று விசாரிக்காத பெரிய மனிதனைக் கேட்கிறது. என் தாத்தா செய்ததற்கு நான் என்ன செய்வேன் என்று நம்மிடம் கேட்கிறவர்களுக்கும் பதில் இதில் இருக்கிறது. தாத்தா செய்ததற்காக யாரும் உங்களைக் கேட்கவில்லை ஐயா, தாத்தா விட்டுப்போனதை வைத்திருப்பதற்காகத்தான் கேட்கிறோம்.

அந்த 1961 அக்டோபர் 17 கற்பனை அல்ல. அல்ஜீரியா விடுதலைக்குப் போராடிக்கொண்டிருந்த காலம். பாரிசில் இருந்த அல்ஜீரியர்கள் மட்டும் இரவில் நடமாடக் கூடாது என்று காவல்துறை ஊரடங்கு போட்டது. அதை எதிர்த்து அல்ஜீரிய விடுதலை முன்னணி அழைப்பு விட, ஆயிரக்கணக்கானோர் குடும்பத்தோடு தெருவுக்கு வந்தார்கள். காவல்துறை சுட்டது, அடித்தது, பலரைச் சேன் ஆற்றில் தூக்கி வீசியது. அரசு முதலில் சொன்ன கணக்கு இரண்டு, மூன்று சாவு. வரலாற்றாய்வாளர்கள் சொல்லும் எண்ணிக்கை சில பத்துகளில் தொடங்கி இருநூறுக்கு மேல் போகிறது. பிணங்கள் ஆற்றோடு போனதால் கணக்கும் ஆற்றோடு போயிற்று. அன்றைய பாரிஸ் காவல்துறைத் தலைவர் மோரிஸ் பப்போன். அவர் 1998இல் தண்டிக்கப்பட்டார், ஆனால் இதற்காக அல்ல. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் யூதர்களைப் பிடித்து அனுப்பியதற்காக. இந்தக் கொலைகளுக்காக ஒரு வழக்கும் நிற்கவில்லை. 2001இல்தான் பாரிஸ் மாநகராட்சி சான் மிஷேல் பாலத்தருகே ஒரு நினைவுக் கல் பதித்தது. குடியரசுத் தலைவராக இருந்த ஒலாந்த் 2012இல் அந்த அடக்குமுறையை ஒப்புக்கொண்டார். ஐம்பத்தொரு ஆண்டுகள்.

படத்தில் இந்த வரலாறு ஓரிரு வரிகளில் வந்து போய்விடுகிறது. ஜோர்ஜ் அதைத் தெரிந்த செய்தியாகச் சொல்லிக் கடந்துவிடுகிறான். ஊர்வலக் காட்சி இல்லை, ஆறு இல்லை, மஜித்தின் தாயும் தகப்பனும் இல்லை. விமர்சகர்கள் பலரும் நாடாவை அனுப்பியது யார் என்று துப்புத் துலக்கப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள். படம் கடைசிவரை அதைச் சொல்வதில்லை. எங்கள் திரையிடலில் அதை யாரும் பெரிதாகக் கேட்கவில்லை. முன்வரிசையில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த ஒரு ஆத்தா கேட்டது வேறு: "அந்தப் பையனோட அப்பன் ஆத்தா என்னதான்யா ஆனாக? ஒருத்தரும் தேடிப் போகலையா?" ஐயாவின் கேள்விக்கு, அவர் இல்லாத கூட்டத்தில், அவரைப் பார்த்தே இராத ஒரு மூதாட்டி பதில் சொல்லிவிட்டார் என்று எங்களுக்குத் தோன்றியது.

ஜோர்ஜுக்கு நினைவு இல்லாமல் இல்லை. இருக்கிறது, பயன்படாத அறையில் பூட்டி வைத்திருக்கிறான். பட்டவனின் நினைவு அப்படிப் பூட்டுக்கு அடங்குவதில்லை. அதற்கு நமக்கு அண்ணலை விடப் பெரிய சாட்சி தேவையில்லை. 'விசாவுக்காகக் காத்திருத்தல்' என்ற தன் நினைவுக் குறிப்புகளில் அம்பேத்கர் 1901இல் நடந்த ஒரு பயணத்தைச் சொல்கிறார். அவருக்கு அப்போது ஒன்பது வயது. கோரேகாவில் வேலை பார்த்த தகப்பனாரைப் பார்க்க சதாராவிலிருந்து அண்ணனோடும் அக்கா மகனோடும் ரயிலேறி மசூர் நிலையத்தில் இறங்குகிறார்கள். நல்ல உடை, நல்ல பிள்ளைகள். நிலைய அதிகாரி அன்பாக விசாரிக்கிறார். மகார் பிள்ளைகள் என்று தெரிந்த கணத்தில் அவர் முகம் மாறிவிடுகிறது. வண்டிக்காரர்கள் யாரும் ஏற்றிக்கொள்ளத் தயாரில்லை. இரட்டைக் கூலி தருவதாகச் சொல்லி, பிள்ளைகளே மாட்டை ஓட்ட வேண்டும், வண்டிக்காரன் பக்கத்தில் நடந்து வருவான் என்ற ஏற்பாட்டில் புறப்படுகிறார்கள். கூடை நிறையச் சாப்பாடு இருக்கிறது. குடிக்கத் தண்ணீர் தருவார் இல்லை. இரவு முழுதும் பசியோடு கிடக்கிறார்கள்.

அண்ணல் இதை எழுதியபோது நாற்பது வயதைத் தாண்டியிருந்தார். பாரிஸ்டர், பேராசிரியர், வட்டமேசை மாநாடுகளுக்குப் போய் வந்தவர். என்ன உடுத்தியிருந்தோம், அதிகாரியின் முகம் எந்தச் சொல்லில் மாறியது, வண்டிக்காரனுக்கு எவ்வளவு தர ஒப்புக்கொண்டோம் என்பதெல்லாம் அவரிடம் அப்படியே இருக்கின்றன. ஆறு வயதில் செய்தவனுக்கு மறந்துபோகிறது, ஒன்பது வயதில் பட்டவருக்கு வண்டிச் சக்கரச் சத்தம்கூட மறக்கவில்லை. நினைவாற்றல் மூளையின் திறமை என்று பாடப்புத்தகம் சொல்லலாம். யாருக்கு மறக்க வசதி இருக்கிறது என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். பாமாவின் 'கருக்கு' 1992இல் வந்தபோது, இதெல்லாம் எழுத வேண்டிய விஷயமா என்று முகம் சுளித்தவர்கள் உண்டு. எழுதாவிட்டால் மறந்துவிடலாம் என்று காத்திருந்தவர்கள் அவர்கள்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். 1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. கூலி நெல் கொஞ்சம் கூட்டிக் கேட்டதற்காக, செங்கொடியை இறக்க மறுத்ததற்காக, நாற்பத்து நான்கு பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்கள், பிள்ளைகள், முதியவர்கள். இது உங்கள் எல்லோருக்கும் தெரியும், ஆண்டுதோறும் பேசுகிறோம். வழக்கை மட்டும் இங்கே பார்வை என்ற கோணத்தில் பாருங்கள். குற்றம் சாட்டப்பட்ட மிராசுதார்கள் 23 பேர். கீழ் நீதிமன்றம் சிலருக்குப் பத்தாண்டு தண்டனை கொடுத்தது. 1973இல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. நிறைய நிலபுலன் உள்ள பணக்காரர்கள், கார் வைத்திருப்பவர்கள்கூட உண்டு, அப்படிப்பட்டவர்கள் ஏவலாட்கள் இல்லாமல் தாங்களே நடந்துபோய்க் குடிசைக்குத் தீ வைத்தார்கள் என்பதை நம்புவது கடினம் என்ற பொருள்பட அந்தத் தீர்ப்பு பேசியது.

இதைச் சட்ட வாதம் என்று மட்டும் எடுத்துக்கொண்டால் பாதிதான் புரியும். இது கண்ணின் பழக்கம். காரில் போகிறவனைக் கொளுத்துகிறவனாகப் பார்க்க அந்தக் கண்ணால் முடியவில்லை. நேரில் பார்த்தவர்கள் கூண்டில் ஏறிச் சொன்னார்கள். அவர்கள் கண்ணால் பார்த்ததைக் காட்டிலும், பார்க்காத கண்ணின் ஊகத்துக்கு எடை கூடுதலாக இருந்தது. ஜோர்ஜ் வீட்டு அலமாரியில் உள்ள புத்தகங்களைப் பார்த்தாலும் நமக்கு அப்படித்தான் தோன்றும், இவ்வளவு படித்தவன் அப்படிச் செய்திருப்பானா என்று. ஹனெகே அந்த அலமாரியைத் திரும்பத் திரும்பக் காட்டுவது சும்மா அல்ல.

வெண்மணியைப் பற்றிப் பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த 'ராமையாவின் குடிசை' ஆவணப்படமும் 2005இல்தான் வந்தது. 'கஷே' வந்த அதே ஆண்டு. இரண்டு இயக்குநர்களும் ஒருவரை ஒருவர் அறிந்திருக்க வழியில்லை. ஆனால் இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள் என்று மாணவர்களைக் கேட்டுக்கொள்கிறோம். ஒன்று மறந்தவன் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து எடுத்த படம். மற்றொன்று மறக்க முடியாதவர்கள் வாசலில் உட்கார்ந்து எடுத்த படம். 'கஷே'யில் விடுபட்ட மஜித்தின் தாய் தகப்பன் போன்றவர்கள் இதில் முகத்தோடும் பெயரோடும் பேசுகிறார்கள். முப்பத்தேழு ஆண்டு கழித்து.

ஆவணப்படம் வேறு, கதைப்படம் வேறு என்பீர்கள். சரி, நம் பள்ளத்தாக்கிலேயே எடுத்த ஒரு கதைப்படத்தைப் பார்ப்போம். லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை', 2018 ஆகஸ்டில் வந்தது. தயாரித்தவர் நடிகர் விஜய் சேதுபதி, ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர், இசை பண்ணைப்புரத்துக்காரரான இளையராஜா. எல்லாம் நம் மாவட்டத்து மண். ஆனால் அதில் வரும் மலை கெங்குவார்பட்டியில் நின்று நாம் அண்ணாந்து பார்க்கும் மலை அல்ல. நமக்கு எதிரே நிற்பது கொடைக்கானல் மலை. காட்ரோட்டில் பஸ்சுக்கு நின்றால் மேலே போகும் சுற்றுலாக் கார்கள்தான் கண்ணில் படும். படத்தின் மலை மேற்கே, கேரள எல்லையில், ஏலத்தோட்டங்கள் உள்ள மலை. விடியுமுன் கம்பம், போடிப் பக்கத்திலிருந்து ஜீப்பில் நெருக்கியடித்துக்கொண்டு நம் பெண்கள் கூலிக்குப் போகிற மலை.

ரங்கசாமி என்ற நிலமற்ற கூலிக்காரன். மலையிலிருந்து ஏலக்காய் மூட்டை சுமந்து இறங்குகிறான். ஒரு துண்டு நிலம் வாங்க வேண்டும் என்பது அவன் ஆசை. முதலில் பேசி முடித்த நிலம் கைநழுவிப் போகிறது. பிறகு சிறுகச் சேர்த்த காசைப் போட்டு வாங்கிய ஏலக்காய் மலைச் சரிவில் உருண்டு போகிறது. எப்படியோ ஒரு நிலம் கிடைக்கிறது. அதையும் விதைக் கடனும் உரக் கடனும் விழுங்கிவிடுகின்றன. கடைசியில் தன்னுடையதாக இருந்த அதே மண்ணில், காற்றாலைக்குக் காவலாளியாக நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறான். கேமரா மேலே மேலே போகிறது. ஒரு காற்றாலை, பத்துக் காற்றாலை, கீழே அவன் எங்கே என்று தெரியவில்லை.

இந்தப் படத்திலும் கூச்சல் இல்லை. நடப்பதைக் காட்டிக்கொண்டே இருக்கிறார்கள். மலை ஏறுவது, மூச்சு வாங்குவது, வழியில் நின்று கும்பிடுவது, டீ குடிப்பது. திரையரங்கில் பார்த்தபோது எங்களோடு வந்த ஒரு தோழர், முப்பது வருடம் மூட்டை தூக்கியவர், இடைவேளையில் "எனக்கு முட்டி வலிக்குதுப்பா" என்றார். சிரித்தோம். பிறகு யோசித்தபோது அதைவிடச் சரியான விமர்சனத்தை யாரும் எழுதவில்லை என்று தோன்றியது. நினைவு தலையில் மட்டும் இருப்பதில்லை, முட்டியிலும் இருக்கிறது. வேகமாக வெட்டி ஒட்டிய படத்தில் முட்டி வலிக்காது. மெதுவான படம் பணக்காரப் பொழுதுபோக்கு என்று நம்மில் சிலருக்கு ஒரு எண்ணம் உண்டு. ஏற்றம் மெதுவாகத்தான் இருக்கும் தோழர்களே, சுமந்தவருக்குத் தெரியும்.

ஆனால் ஐயாவின் கேள்வியை இதனிடமும் கேட்டாக வேண்டும். இந்தப் படத்தில் யாரைக் காட்டவில்லை? உழைப்பைக் காட்டிய அளவுக்குப் படம் சாதியைப் பெயர் சொல்லிப் பேசவில்லை. ரங்கசாமி நிலத்தை இழந்தது நம் கண்முன் நடக்கிறது. அவனுக்கு முதலிலேயே ஏன் நிலம் இல்லை? அந்த மலையடிவாரத்தில் ஒருவனுக்கு ஐம்பது ஏக்கரும் இன்னொருவனுக்கு ஒரு குழியும் இல்லாமலும் போனது எப்போது, எப்படி? படம் அங்கே போகவில்லை. உரக்கடைக்காரனும் காற்றாலை நிறுவனமும் வருவதற்கு முன்பே நடந்த ஒரு பறிப்பு இருக்கிறது. இதைக் குறையாகச் சொல்லவில்லை, ஒரு படம் எல்லாவற்றையும் சுமக்காது. அது நிறுத்திய இடத்திலிருந்து நாம் நடக்க வேண்டும் என்பதற்காகச் சொல்கிறோம்.

நடந்தால் போய்ச் சேருவது கிராம நிர்வாக அலுவலகத்துக்கு.

1891இல் செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த திரமென்ஹீர், பறையர் மக்களின் நிலைமையைப் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை கொடுத்தார். குடியிருக்கும் மனைகூடச் சொந்தமில்லாமல், வேலைக்கு வர மறுத்தால் வீட்டை விட்டே துரத்தப்படும் நிலையில் இருந்ததை அதில் எடுத்துச் சொன்னார். அதன் விளைவாக 1892இல் ஒடுக்கப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கும் ஆணை வந்தது. அதுதான் பஞ்சமி நிலம். சென்னை மாகாணம் முழுதும் சுமார் 12 லட்சம் ஏக்கர் ஒதுக்கப்பட்டதாகச் சொல்லப்படுகிறது. முதல் பத்தாண்டு யாருக்கும் விற்கக் கூடாது, அதன் பிறகும் ஒடுக்கப்பட்டவர் அல்லாதவருக்கு விற்றால் செல்லாது என்பது நிபந்தனை. பின்னே அந்த நிலங்கள் எப்படிக் கைமாறின? அடமானம், மிரட்டல், சாராயக் கடன், கல்யாணக் கடன், கைநாட்டு. இவை தாத்தா பாட்டிமார் நினைவில் இருக்கின்றன, பதிவேட்டில் இல்லை. 1994 அக்டோபர் 10 அன்று காரணைப் பஞ்சமி நிலத்தை மீட்கப் போராடியவர்கள் மீது செங்கல்பட்டில் போலீஸ் சுட்டதில் ஜான் தாமசும் ஏழுமலையும் உயிர் விட்டார்கள். அந்த இரண்டு பெயரையும் மாணவர்கள் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும்.

பதிவேடும் ஒரு படம்தான். அதையும் ஒருவர் கண்ணால் பார்த்து, ஒருவர் கையால் எழுதியிருக்கிறார். 1979 முதல் 1987 வரை தமிழ்நாட்டில் நில உடைமை மேம்பாட்டுத் திட்டம் நடந்தது. யூ.டி.ஆர். என்றால் ஊரில் எல்லோருக்கும் தெரியும். யார் பயிர் வைத்திருக்கிறார், யார் பெயரில் பட்டா என்று கிராமம் கிராமமாகப் புதிதாக எழுதினார்கள். எழுத வந்தவர் எந்தத் தெருவில் உட்கார்ந்து எழுதினார், யாரைக் கேட்டு எழுதினார், அன்றைக்கு நம் ஆட்கள் எந்தத் தோட்டத்தில் கூலிக்குக் குனிந்துகொண்டிருந்தார்கள்? விவரம் தெரியாமல் பெயர் விட்டுப்போனவர்கள் ஏராளம். இன்றைய கணினிப் பட்டாவை மட்டும் எடுத்துப் பார்க்கிறவர் அந்தப் பழைய தெருவைப் பார்ப்பதில்லை, யாரோ எடுத்த நாடாவைத்தான் பார்க்கிறார். பின்னோக்கிச் சுற்றினால்தான் கோடு தெரியும்.

எப்படிச் சுற்றுவது? 'அ' பதிவேட்டை வாங்குங்கள். அதற்கு முந்தைய நிலவரித் திட்டப் பதிவேட்டைக் கேளுங்கள். அதில் டி.சி. நிலம் என்று குறிப்பு இருக்கிறதா என்று பாருங்கள். பழைய புல எண்ணுக்கும் இன்றைய புல எண்ணுக்கும் உள்ள தொடர்பை எழுதிக்கொள்ளுங்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கச் சான்று போட்டால் எந்த ஆண்டில் யார் பெயரிலிருந்து யார் பெயருக்குப் போனது என்பது தெரியும். கொடுக்க மறுத்தால் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. அதுவும் 2005தான், என்ன ஆண்டோ அது! பழைய ஆவணங்களுக்குச் சென்னை எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் உண்டு. இவ்வளவு காகிதத்தையும் எடுத்துக்கொண்டு அந்த ஊர்ப் பெரியவர் பக்கத்தில் போய் உட்கார வேண்டும். "எங்க அப்பச்சி காலத்துல அந்தப் புளியமரம் வரைக்கும் நம்மளுது" என்று அவர் சொல்வதைத் தேதி போட்டு எழுத வேண்டும். அவர் சொன்ன புளியமரமும் பதிவேட்டின் புல எண்ணும் ஒரே இடத்தில் சந்தித்தால் அதற்குப் பெயர் சாட்சியம். சந்திக்காவிட்டால் அவர் பொய் சொல்கிறார் என்று முடிவு கட்டாதீர்கள். பெரியவர்களின் நினைவும் தவறும், அளவு கூடும், ஆண்டு மாறும். அதை மறைக்கத் தேவையில்லை. தவறியதையும் தவறியபடியே எழுதுங்கள், எதிர்த்தரப்பு கண்டுபிடிக்குமுன் நாமே கண்டுபிடித்துவிடலாம்.

நிலம் மட்டுமல்ல. 1989இல் போடி வட்டாரத்தில் நடந்த சாதிக் கலவரத்தின்போது அம்மா இடுப்பில் இருந்தவர்கள் இன்று கல்லூரிப் பிள்ளைகளுக்கு அப்பா அம்மா. அன்று வீட்டை விட்டு ஓடியவர்களில் பலர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இருப்பவர்களும் பேசத் தயங்குகிறார்கள். பக்கத்துத் தோட்டத்துக்குத்தான் நாளைக்கும் கூலிக்குப் போக வேண்டும், பழசைக் கிளறினால் பிழைப்புக் கெடும் என்பது அவர்கள் பயம். நியாயமான பயம். அவர்களைக் கேமராமுன் நிறுத்தி அழவைக்கக் கூடாது என்பதை எங்கள் மன்றம் ஒரு விதியாகவே வைத்திருக்கிறது. பெயர் வேண்டாம் என்றால் பெயர் இல்லை, குரல் வேண்டாம் என்றால் எழுத்து மட்டும். 'கஷே'யைப் பார்த்த பிறகு அந்த விதியின் அருமை இன்னும் புரிந்தது. அந்தப் படத்தில் மஜித்தின் அழுகையைக்கூட யாரோ மறைந்திருந்து எடுத்துவிடுகிறார்கள். அவன் அனுமதி இல்லாமலே அவன் துயரம் ஜோர்ஜின் வீட்டு டிவியில் ஓடுகிறது. நம் மக்களின் துயரத்தை நாமே அப்படி எடுத்துவிடக் கூடாது. உண்மை வெளிவர வேண்டும் என்ற அவசரத்தில் இதை நாங்களும் ஒருமுறை மறந்திருக்கிறோம். ஒரு பாட்டி பேசியதைக் கேட்காமலே கூட்டத்தில் ஒலிக்கவிட்டோம். அவர் ஆறு மாதம் எங்களோடு பேசவில்லை.

படத்தின் முடிவைச் சொல்லி நிறுத்திக்கொள்கிறோம். மஜித் ஜோர்ஜைத் தன் அறைக்கு வரச்சொல்லி, அவன் கண்முன்னே கழுத்தை அறுத்துக்கொண்டு சாகிறான். இவ்வளவுக்குப் பிறகும் ஜோர்ஜ் வீட்டுக்கு வந்து, மாத்திரை போட்டுக்கொண்டு, திரைச்சீலையை இழுத்து மூடிவிட்டுப் படுக்கிறான். அடுத்து, தூரத்திலிருந்து பண்ணை வீட்டு முற்றம். அழுது, திமிறி, ஓடும் சிறுவன் மஜித்தைப் பிடித்து வண்டியில் ஏற்றுகிறார்கள். கேமரா அருகே போகவில்லை. கொட்டடி இருட்டிலிருந்து ஒளிந்து பார்ப்பது போல இருக்கிறது.

பிறகு கடைசிக் காட்சி. ஒரு பள்ளிக்கூட வாசல். அகலமான படிக்கட்டு, கும்பல் கும்பலாக மாணவர்கள். கேமரா அசையவில்லை. பேச்சு கேட்கவில்லை. எழுத்துகள் ஓடத் தொடங்குகின்றன. எங்கள் முதல் திரையிடலில் எல்லோரும் பாயைச் சுருட்ட எழுந்துவிட்டார்கள். இரண்டாம் முறை போட்டபோது, ஒன்பதாவது படிக்கும் ஒரு பிள்ளை திரைக்குப் பக்கத்தில் போய் விரலை வைத்தாள். "இங்க பாருங்கண்ணே. இது அந்த மஜித்து மகன். இது இந்த வீட்டுப் பையன். ரெண்டு பேரும் பேசிக்கிறாங்க."

மறுபடி சுற்றிப் போடச் சொன்னோம். ஆமாம், படிக்கட்டின் கீழே, கும்பலுக்கு நடுவில், இரண்டு பிள்ளைகளும் நின்று ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள்.